வீட்டில் இல்லாத யூபிஎஸ்

கொழிஞ்சாம்பாறையில் யூபிஎஸ் பழுதுபார்ப்பது என் தொழில். கடைக்கு வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்பார்கள். "ஏனுங்க, கரண்டு போனாலும் கம்ப்யூட்டரு ஓடுமுங்களா?"

"பத்து நிமிசம் ஓடுமுங்க. அதுக்குள்ள வேலைய சேவ் பண்ணி, ஒழுங்கா நிறுத்திரோணும்" என்பேன். கரண்டு இருக்கும்போது பேட்டரி நிறைந்துகொண்டிருக்கும், போன கணமே அது பாரத்தை ஏற்றுக்கொள்ளும், வோல்டேஜ் ஏறி இறங்கினாலும் இதுவே தாங்கிக்கொள்ளும் என்று விளக்குவேன். நன்றாகப் பேசுவேன்.

மனைவி இறந்து நான்கு வருடம் ஆகியிருந்தது. அவளை எடுத்த வீடியோக்கள் எல்லாம் வீட்டுக் கம்ப்யூட்டரில் மட்டுமே இருந்தன. பன்னிரண்டு வயது மகள் ஞாயிறுதோறும் அதன்முன் உட்கார்ந்துவிடுவாள். ஒரு பென் டிரைவில் நகல் எடுத்துவைக்க எனக்குத் தோன்றவில்லை.

ரத்தப் பரிசோதனை நிலையம் நடத்தும் ஒருவர் தன் யூபிஎஸ்ஸைப் பழுதுக்குக் கொண்டுவந்தார். "மெஷின் நின்னா ஆளுக காத்துக் கெடப்பாங்கங்க" என்றார். அதுவரைக்கும் இருக்கட்டும் என்று என் வீட்டுக் கம்ப்யூட்டரின் யூபிஎஸ்ஸைக் கழற்றிக் கொடுத்தேன். இரண்டு நாள் என்றுதான் பேச்சு. அவருடையதைச் சரிசெய்து வைத்தும் அவர் வரவில்லை. பெரிய வாடிக்கையாளர், போய்க் கேட்கக் கூச்சம். மூன்று மாதம் ஓடியது. கம்ப்யூட்டரை நேராகச் சுவர் பிளக்கில் செருகியிருந்தேன்.

சித்திரையில் ஒரு ஞாயிறு பிற்பகல், காற்றோடு மழை. பனைமட்டை கம்பியில் விழுந்து, கரண்டு வந்து வந்து போனது. நான் வீட்டுக்குள் நுழைந்தபோது மகள் கறுத்த திரையின் முன் இருந்தாள்.

"அம்மா பேசீட்டிருந்தாங்கப்பா. பாதியிலயே நின்னுபோச்சு."

கரண்டு நிலைத்த பிறகும் கம்ப்யூட்டர் திறக்கவில்லை. கோயமுத்தூருக்கு எடுத்துப் போனேன். ஹார்ட் டிஸ்க்கைத் திறந்து பார்த்தவர், "உள்ள தட்டே கீறிப்போச்சுங்க, ஒண்ணும் எடுக்க முடியாது" என்று கைவிரித்தார்.

மகள் அழவில்லை. "ஊருக்கெல்லாம் சொல்றீங்கல்லப்பா, நம்ம ஊட்டுக்கு ஏன் வெக்கல?" என்று மட்டும் கேட்டாள். கூச்சத்தால் என்று ஒரு குழந்தையிடம் எப்படிச் சொல்வது?

அடுத்த வாரம் பரிசோதனை நிலையக்காரர் என்னுடையதைத் திருப்பிக் கொண்டுவந்தார். "நல்ல பெட்டிங்க. அன்னைக்கு அந்த மழையிலயும் மெஷின் நிக்கவே இல்ல" என்றார். சிரித்தபடி வாங்கிக்கொண்டேன். அந்தச் சிரிப்புக்காக என்னை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

ஒருநாள் சாப்பிடும்போது மகள் கேட்டாள்: "அம்மா என்னைய எப்படிப்பா கூப்புடுவாங்க?"

கூப்பிட்டுக் காட்டினேன்.

"அப்படி இல்லப்பா" என்று சொல்லிவிட்டுத் தட்டோடு எழுந்து போனாள்.