ஜெசாங் தனக்கே வைத்த குடுவை

முயலுக்கு முர்சிக் கிடையாது. எங்கள் மேட்டில் இதை யாரும் எழுதி ஒட்டவில்லை. எழுதாமலேயே எல்லோருக்கும் தெரியும். ஜெயித்து வருகிறவளுக்குக் கழுத்தில் கொடிமாலை, கையில் சுரைக்குடுவை, குடுவைக்குள் கரி தடவிப் புளிக்கவைத்த பால். அந்தப் பால்தான் முர்சிக். முயலுக்கு மாலையும் இல்லை, பாலும் இல்லை.

மாரத்தான் பந்தயத்தில் முன்னால் ஓடி, எதிர்க்காற்றைத் தன் நெஞ்சில் வாங்கிக்கொண்டு, பின்னால் வருகிற நட்சத்திரத்துக்கு வேகம் பிடித்துக் கொடுக்கிறவளைத்தான் முயல் என்கிறோம். முப்பதாவது கிலோமீட்டரில் அவள் ஓரமாக ஒதுங்கிவிட வேண்டும். மிச்சமுள்ள பன்னிரண்டு சொச்சம் நட்சத்திரத்துக்குச் சொந்தம். நானும் ஒன்பது வருஷம் முயலாக இருந்தவள்தான். முப்பதில் நில் என்றார்கள், நின்றேன். மூட்டு போன பிறகு, முச்சந்தியில் தேநீர்க் கடை போட்டு உட்கார் என்று என் காலே சொல்லிவிட்டது. முடிவுக்கோடு எப்படி இருக்கும் என்று என்னைக் கேட்காதீர்கள். ஓடிய காலத்தில் நான் அதைப் பார்த்ததே இல்லை.

பாருங்கள், ஜெசாங்கைப் பற்றிச் சொல்ல வந்துவிட்டு என் புராணத்தைப் பாடிக்கொண்டிருக்கிறேன்.

ஜெசாங் மேட்டின் விளிம்பில் பிறந்தவள். அவள் வீட்டு வாசலில் நின்றால் கீழே கெரியோ பள்ளத்தாக்கு முழுக்கத் தெரியும். பதினேழு வயதில் மாவட்டப் போட்டியில் வெறுங்காலோடு பத்தாயிரம் மீட்டர் ஓடி, காலணி போட்ட பெண்களையெல்லாம் ஓரங்கட்டினாள். பயிற்சியாளர் பர்சோசியோ அன்றே அவளைத் தன் முகாமில் சேர்த்துக்கொண்டார். அதுவரை எல்லாம் நன்றாகத்தான் போனது.

ஒருநாள் காலை அவர் அவளுடைய கைக்கடிகாரத்தைக் கழற்றி வாங்கிக்கொண்டு, "பத்து கிலோமீட்டர் ஒரே சீரா ஓடு, பாக்கலாம்" என்றார். ஓடினாள். ஒவ்வொரு கிலோமீட்டரும் மூன்று நிமிடம் முப்பத்தைந்து நொடி. ஒரு நொடி கூடவில்லை, குறையவில்லை. முகாமே வாயைப் பிளந்தது. நானும் கைதட்டினேன், முட்டாள். அந்தக் கைதட்டலோடு அவள் தலையெழுத்து முடிவாகிவிட்டது. இவ்வளவு சீராக ஓடுகிறவளை யாராவது ஜெயிக்க விடுவார்களா? முயலாக்கிவிட்டார்கள்.

பதினேழு வருஷம். கடவுச்சீட்டில் முத்திரை குத்த இடமில்லாமல் போனது. எந்தெந்த நாட்டுக்கோ போனாள், வந்தாள். ஒருமுறை கடையில் உட்கார்ந்து சப்பாத்தியைப் பிய்த்துக்கொண்டிருந்தவளிடம் கேட்டேன்.

"அந்த ஊர்ல என்னடி பார்த்த?"

"முப்பது கிலோமீட்டர் பார்த்தேன்."

"அதுக்கப்புறம்?"

"அதுக்கப்புறம் பஸ்ஸு. கால் சுளுக்கினவன், மூச்சு முட்டுனவன், வாந்தி எடுத்தவன் எல்லாத்தோடயும் ஒரு போர்வையைப் போத்திக்கிட்டு உக்காந்திருந்தேன். ஒரு கிழவன் என் தோளத் தட்டி, கவலப்படாதம்மா, அடுத்த வருஷம் முடிச்சிரலாம்னு சைகை காட்டுனான்."

சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். நான் அவள் தட்டில் இன்னொரு சப்பாத்தியை வைத்தேன்.

இதில் கொடுமை என்னவென்றால், இந்த மேட்டிலேயே அவள் கைப்பக்குவத்துக்கு ஈடான முர்சிக் கிடையாது. குச்சியைச் சுட்டு, அந்தத் தணலால் குடுவையின் உட்புறத்தை அவள் தேய்க்கிற தேய்ப்பில் ஒரு இடம்கூட விட்டுப்போகாது. பால் இளநீல நிறத்தில் இறங்கும். அதனால் யாராவது பெரிய பந்தயத்துக்குப் போகிறார்கள் என்றால், மூன்று வாரம் முன்னாலேயே பெண்கள் கூட்டமாக அவள் வீட்டுக்குக் குடுவையோடு வந்துவிடுவார்கள். அவள் வேகம் பிடித்துக் கொடுத்த நட்சத்திரம், அவள் புளிக்கவைத்த பாலைக் குடிக்கும். அவள் கூட்டத்தின் பின்வரிசையில் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நிற்பாள். பதினேழு வருஷமும் இப்படியே போனது. ஒருத்தராவது திரும்பிப் பார்த்து, "ஜெசாங், நீயும் ஒரு வாய் குடி" என்றார்களா? நான் சொன்னேனா? நானும் சொல்லவில்லை.

அவளுக்கு முப்பத்து நான்கு வயதானபோது எங்கள் மேட்டிலேயே ஒரு மாரத்தான் வந்தது. எங்கள் சாலை, எங்கள் செம்மண், எங்கள் எதிர்க்காற்று. பர்சோசியோவின் புது நட்சத்திரம் கொபிலோ, இருபத்து மூன்று வயது. அவள் இங்கே சாதனை படைத்தால் வெளிநாட்டிலிருந்து அழைப்பு வரும் என்று பர்சோசியோ கணக்குப் போட்டார். முன்னால் ஓட ஜெசாங். முப்பதில் நிற்க ஜெசாங். அவர் வேறு யாரையும் யோசிக்கக்கூட இல்லை.

ஜெசாங் நேராக என் கடைக்கு வந்தாள்.

"சாலினா, இந்தத் தடவ நிக்க மாட்டேன்."

"கிறுக்கு பிடிச்சிருக்கா? முகாமை விட்டுத் தூக்கிருவாரு. அப்புறம் ஒருத்தனும் உன்ன முயலாக்கூடக் கூப்பிட மாட்டான். ரெண்டு பொண்ணுங்க படிக்குதுங்க."

"தெரியும்."

"வீட்டுக்காரர் என்ன சொல்றாரு?"

"கால் உன்னோடது, என்னைய எதுக்குக் கேக்குறன்னாரு. மாமரத்துக்குத் தண்ணி பாய்ச்சப் போயிட்டாரு." தேநீரை ஒரே மடக்கில் குடித்தாள். "என் பொண்ணு நேத்து கேட்டா. அம்மா, ஓடி முடிச்சவங்க பட்டியல்ல உன் பேரைத் தேடுனேன், ஒரு பந்தயத்துலயும் காணோமே, நீ நிஜமாவே ஓடுறியான்னு. நான் என்னடி சொல்றது?"

என் பெயரும்தான் எந்தப் பட்டியலிலும் இல்லை.

அடுத்த நாள் அவள் பதிவு மேசைக்குப் போய்ச் சொந்தப் பணத்தைக் கட்டி எண் கேட்டாள். மேசையில் இருந்தவன், "முயலுக்கு எதுக்கக்கா நம்பரு?" என்றான். "முயலுக்குப் பேர் இருக்கு. எழுது. ஜெசாங்" என்று அவன் பேனாவைப் பிடித்துத் தாளில் வைத்தாளாம். நூற்று நாற்பத்தொன்று என்று எண் கொடுத்தான்.

வழக்கம்போலப் பெண்கள் கொபிலோவுக்காகக் குடுவை கொண்டுவந்தார்கள். நானும் போயிருந்தேன். அடுப்பு ஓரத்தில் இன்னொரு குடுவை கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தது.

"இது யாருக்கு? கொபிலோவுக்கு என்ன ரெண்டு வாயா?" என்றாள் ஒருத்தி.

"அது எனக்கு" என்றாள் ஜெசாங், தணலை ஊதிக்கொண்டே.

எல்லோரும் அவளைப் பிடிபிடி என்று பிடித்துக்கொண்டார்கள். தன் வரவேற்புக்குத் தானே பால் ஊற்றுவதா? எங்கள் ஆட்களில் அப்படி யாரும் செய்ததே கிடையாது. ஊர் வைக்க வேண்டும், ஊர் கொடுக்க வேண்டும்.

"தன் கல்யாணத்துக்குத் தானே குலவை போட்ட கதையால்ல இருக்கு!"

"யாருமே போடலைன்னா வேற என்ன செய்யுறது?" என்றாள் அவள். குடுவைக்குள் குச்சியை விட்டுத் தேய்க்கிற சத்தம் மட்டும் நிற்கவே இல்லை.

செய்தி பர்சோசியோ காதுக்குப் போகாமல் இருக்குமா? மறுநாள் காலை ஓட்டம் முடிந்து எல்லோரும் என் கடையில் நின்றிருந்தபோது வந்துவிட்டார்.

"ஜெசாங், குடுவை கதை கேள்விப்பட்டேன். விளையாட்டுதானே?"

"இல்ல சார்."

"இங்க பாரு. பதினேழு வருஷமா உனக்கு வேலை கொடுத்தவன் நான். முப்பதுல நின்னா நாளைக்கும் வேலை இருக்கு. முப்பத்தொண்ணுக்குப் போனா, முகாம் வாசலை மிதிக்காத. உன் வயசுக்கு இனி என்னத்தக் கிழிக்கப்போற?"

நான் தேநீர் வடிகட்டியை அப்படியே வைத்துவிட்டேன். என் கோபம் உங்களுக்குத் தெரியாது.

"சார், அவ வயசப் பத்திப் பேசுறீங்களே, நீங்க கடைசியா எப்ப ஓடுனீங்க? கடன் கேக்க யாராவது வந்தப்பவா?"

முகாம் பிள்ளைகள் குனிந்து காலணிக் கயிற்றைக் கட்ட ஆரம்பித்தார்கள். கட்டியிருந்ததையே அவிழ்த்துக் கட்டினார்கள். கொபிலோ மட்டும் ஜெசாங்கையே பார்த்துக்கொண்டிருந்தாள். பர்சோசியோ தேநீரை வைத்துவிட்டுப் போனார். அன்றிலிருந்து என் கடைப்பக்கம் வருவதில்லை. நஷ்டம் எனக்கில்லை.

பந்தயத்தன்று முப்பதாவது கிலோமீட்டரில், பால் சேகரிப்புக் கொட்டகைக்குப் பக்கத்தில் போய் நின்றேன். ஜெசாங்கின் குடுவை என் பைக்குள் இருந்தது. என்னிடம்தான் கொடுத்திருந்தாள். "நீ குடுக்கலன்னா யாரும் குடுக்க மாட்டாங்க" என்று மட்டும் சொன்னாள். கொட்டகைக்கு எதிரே பர்சோசியோ வண்டியை நிறுத்தி, பின்பக்கக் கதவைத் திறந்து போர்வையோடு காத்திருந்தார்.

வளைவில் தலைகள் தெரிந்தன. முன்னால் ஜெசாங், ஒட்டிக்கொண்டு கொபிலோ. பின்னால் கண்ணுக்கெட்டிய தூரம் யாருமில்லை. ஜெசாங்கின் நெஞ்சில் முயலுக்குரிய துணி, எண்ணும் பெயரும் இல்லாத வெறும் துணி. காற்று முகத்தில் அறைந்துகொண்டிருந்தது.

"போதும்! ஒதுங்கு!" என்று பர்சோசியோ கத்தினார்.

அவள் ஓடிக்கொண்டே நெஞ்சுக்குக் கையைக் கொண்டுபோனாள். ஊசிகள் தெறித்தன. மேல்துணியைக் கிழித்துச் சாலையில் போட்டாள். அடியில் நூற்று நாற்பத்தொன்று. அதன் கீழே பெயர்.

பர்சோசியோ சாலைக்குள் இறங்கிக் கையை விரித்தார். அவள் அவரைச் சுற்றிக்கொண்டு போனாள். போகிற போக்கில், "போர்வைய நீங்க போத்திக்குங்க சார்!" என்றாள். பால் கொட்டகைக்காரர்கள் ஓவென்று கத்தினார்கள். பிறகு ஒரு மோட்டார் சைக்கிள்காரனின் சட்டையைப் பிடித்து இழுத்து, "முடிவுக்கோட்டுக்கு விடுடா!" என்று ஏறிக்கொண்டேன். குறுக்குவழியில் அவன் விட்ட வேகத்தில் குடுவையைக் குழந்தையைப் போல மடியில் அணைத்துக்கொண்டேன்.

அங்கே ஊரே கூடியிருந்தது. நாற்பதாவது கிலோமீட்டர் வரை இருவரும் தோளோடு தோள் என்று ஒலிபெருக்கி அலறியது. கடைசி ஏற்றத்தில் கொபிலோவின் இளம் கால்கள் ஜெயித்தன. ஒன்பது நொடி வித்தியாசம். கொபிலோ முதல், சாதனையோடு. ஜெசாங் இரண்டாவது.

முப்பது கிலோமீட்டர் காற்றைத் தனியாக வாங்கியவள் ஒன்பதே நொடிதான் பின்தங்கினாள். முயல் பக்கத்திலேயே கடைசிவரை துரத்தியிராவிட்டால் அந்தச் சாதனை வந்திருக்குமா? இதைப் பர்சோசியோவிடம் யாராவது போய்க் கேளுங்கள்.

கூட்டம் குலவையோடு கொபிலோவை மொய்த்தது. மாலை விழுந்தது, குடுவை வந்தது. ஜெசாங் முட்டியில் கையூன்றிக் குனிந்து நின்றாள். அவளைச் சுற்றி ஒரு ஆள் இல்லை. வண்டியிலிருந்து இறங்கிய பர்சோசியோ எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "நாளைக்கு உன் மூட்டையை எடுத்துக்க" என்றார். அவள் நிமிர்ந்து, "காலையிலேயே எடுத்துட்டேன் சார்" என்றாள்.

அப்போது கொபிலோ குடுவையிலிருந்து வாயை எடுத்து முகத்தைச் சுளித்தாள்.

"என்னக்கா இது? பால் எப்பவும் மாதிரி இல்லையே?"

"நல்ல பால் உன் குடுவையில இல்ல" என்றாள் ஜெசாங். "இந்தத் தடவ என் பசுவோட விடிகாலைப் பால் என் குடுவையில. சாலினா கையில."

அத்தனை தலையும் என் பக்கம் திரும்பியது. நான் நடந்தேன். மூட்டு வலித்தது, வலிக்கட்டும் என்று நடந்தேன். வழியில் முடிவுக்கோடு குறுக்கே கிடந்தது, வெறும் வெள்ளைச் சுண்ணாம்பு. அதைத் தாண்டிப் போய்க் குடுவையைக் குலுக்கி, மூடியைத் திறந்து, ஊர் பார்க்க அவள் கையில் கொடுத்தேன். குலவை போட யாரும் இல்லை. நானே போட்டேன். அழுகையும் சேர்ந்துகொண்டது, இருந்தாலும் மூச்சு உள்ளவரை போட்டேன். பின்னாலிருந்து இன்னொரு குலவை சேர்ந்தது. பிறகு இன்னொன்று.

ஜெசாங் கண்ணை மூடிக் குடித்தாள், அவசரப்படாமல். உதட்டில் நீலம் ஒட்டியிருந்தது. கொபிலோ மாலையோடு நெருங்கி வந்து கையை நீட்டினாள்.

"அக்கா, எனக்கு ஒரு வாய்."

"தரேன். ஆனா முதல்ல சாலினா" என்றாள் ஜெசாங். "ஒன்பது வருஷம் முப்பதுலயே நின்னவ. நீ அவ பின்னால வா."

குடுவையை வாங்கினேன். என் வாழ்க்கையில் ஊர் பார்க்கக் குடித்த முதல் முர்சிக். கண்ணீரும் கரியும் பாலும் எல்லாம் ஒன்றாக இறங்கியது. வேண்டுமென்றே மெதுவாகக் குடித்தேன். கொபிலோ மாலையும் கழுத்துமாக என் பின்னால் நின்று, தன் முறைக்காகக் காத்திருந்தாள்.