கோட்டுக்காரியின் புதுப்பாட்டு

இங்கிலாந்தில் ஐம்பது வயதைத் தாண்டிய யாரிடமாவது லோரி கில் என்ற பெயரைச் சொல்லிப் பாருங்கள், திருதிருவென்று விழிப்பார்கள். "உன் கோட்டைத் தரமாட்டேன்" என்று பாடிக் காட்டுங்கள், அடுத்த நொடி மேல்சட்டையைக் கழற்றித் தலைக்கு மேல் சுழற்ற ஆரம்பித்துவிடுவார்கள். கல்யாணத்தில் சுழற்றியிருக்கிறார்கள், கால்பந்து மைதானத்தில் சுழற்றியிருக்கிறார்கள், ஒருமுறை துக்க வீட்டிலும் சுழற்றியிருக்கிறார்கள். பாட்டை ஊரே கொண்டாடியது. பாட்டுக்காரியை வசதியாக மறந்துவிட்டது.

அவளுடைய நிஜப் பெயர் லொரெய்ன் பிக்கர்ஸ்கில். பிறந்தது ஹல் துறைமுகத்தில். அப்பா மீன்பிடிக் கப்பலில் போனால் மூன்று வாரம் கழித்துத்தான் வருவார், வந்தாலும் இரண்டு நாள் தூங்குவார். லொரெய்ன் பதினேழு வயதில் மீன் வறுவல் செய்யும் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போனாள். மீன் துண்டு முழுக்க ரொட்டித்தூள் ஒட்டியிருக்கிறதா என்று பார்ப்பதுதான் வேலை. அப்போது பேரி என்று ஒருவன் அவளோடு சுற்றிக்கொண்டிருந்தான். ஒரு ஜனவரி மாதம் பஸ் நிறுத்தத்தில் வைத்து "இனிமே நாம பார்க்க வேணாம்" என்று சொல்லிவிட்டு வீராப்பாக நடந்துபோனவன், குளிர் தாங்காமல் ஐந்து நிமிடத்தில் திரும்பி வந்து, அவள் தோளில் போட்டிருந்த தன் கோட்டைக் கேட்டான். இவள் தரமாட்டேன் என்றாள். மறுநாள் தொழிற்சாலைக் கழிப்பறையில் உட்கார்ந்து, ஒரு மீன் பெட்டி அட்டையின் பின்னால் பாட்டை எழுதி முடித்தாள். அந்தப் பாட்டில் ஒரு வார்த்தைகூடப் பொய் கிடையாது.

ஆறு வருடம் கழித்து, எண்பத்து நான்கில், லண்டன் இசைத்தட்டுக் கம்பெனிக்காரர் ஒருவர் அவளைக் கூப்பிட்டார். "பிக்கர்ஸ்கில்னு போட்டா உறையில உன் மூஞ்சிக்கு இடம் இருக்காதும்மா" என்று பெயரை வெட்டினார். கதவு அகலத்துக்குத் தோள் வைத்த மஞ்சள் கோட்டு ஒன்றையும் மாட்டிவிட்டார். பாட்டு விற்பனைப் பட்டியலில் நான்காம் இடம் வரை ஏறி மூன்று வாரம் உட்கார்ந்திருந்தது. அடுத்த பாட்டு அறுபத்தொன்றாம் இடம். அதற்கடுத்த பாட்டை வெளியிடவே இல்லை. இருபத்தைந்து வயதில் லொரெய்ன் அம்மா வீட்டு மாடியறைக்குத் திரும்பி வந்துவிட்டாள்.

அதற்குப் பிறகு பாடாத இடம் கிடையாது. ஹாலந்துக்குப் போகும் கப்பலில், அலையில் வாந்தி எடுப்பவர்களுக்கு நடுவில் பாடியிருக்கிறாள். தொழிலாளர் மன்றங்களில், பாட்டுப் பாதியில் இருக்கும்போதே விளக்கைப் போட்டு "பிங்கோ ஆரம்பிக்குது, பேனா எடுத்துக்கோங்க" என்று அறிவிப்பார்கள். இவள் மேடை ஓரமாக ஒதுங்கி நிற்பாள், ஒருவர் சீட்டில் எல்லா எண்ணையும் அடித்து ஜெயித்ததும் விட்ட அடியிலிருந்து தொடர்வாள். வாரநாளில் பள்ளிக்கூடத்தில் மதியச் சாப்பாடு பரிமாறும் வேலை. பிள்ளைகளுக்கு அவள் மசித்த உருளைக்கிழங்கு அக்கா, அவ்வளவுதான்.

நடுவில் மால்கமைக் கட்டிக்கொண்டாள். பஸ் ஓட்டுநர். அவனுக்குக் கோட்டுப் பாட்டு பிடிக்காது, வானொலியில் வந்தால் நிறுத்திவிடுவான். "அதுக்காகத்தான் அவனைக் கட்டிக்கிட்டேன்" என்று லொரெய்ன் சொல்வாள். முப்பத்தோரு வருடம் நன்றாகவே வாழ்ந்தார்கள்.

எண்பதுகளின் பாட்டுக்கு மறுபடி மவுசு வந்தபோது, கடலோர விடுமுறை முகாம்களில் சனி ஞாயிறு விழாக்கள் தொடங்கின. பழைய பாடகர்களைத் தூசு தட்டி ஆளுக்குப் பதினான்கு நிமிடம் கொடுத்தார்கள். லொரெய்னுக்கும் ஓர் இடம் கிடைத்தது. ஆனால் மூன்றாவது பல்லவியில் இருக்கும் அந்த உச்ச சுரம் அறுபது வயதுத் தொண்டைக்கு எட்டவில்லை. ஒலி பார்த்துக்கொள்ளும் ட்ரெவர் பிளென்கின் அதற்கு ஒரு வழி செய்தான். அந்த இடம் வந்ததும் இவள் மைக்கைக் கூட்டத்தின் பக்கம் நீட்ட வேண்டும். அதே நொடியில் அவன் எண்பத்து நான்கின் பதிவிலிருந்து அவளுடைய பழைய குரலை மேலே தூக்கிவிடுவான். அந்தத் தொழிலில் எல்லோரும் செய்வதுதான். லொரெய்ன் அந்தக் குரலுக்கு "அந்தப் பொண்ணு" என்று பெயர் வைத்திருந்தாள். ஒவ்வொரு சனிக்கிழமையும் அந்தப் பெண்ணுக்குக் கைதட்டு வாங்கிக் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வருவது என்பது, உண்மையைச் சொன்னால், அலுத்துப்போன காரியம்.

போன வருடத்துக்கு முந்தின குளிர்காலத்தில் மால்கம் இறந்துபோனான். காலையில் எழுந்ததும் இரண்டு கப் தேநீர் போடும் பழக்கம் மட்டும் அவளை விட்டுப் போகவில்லை. இரண்டாவதைக் கொட்ட மனசு வராமல் அதையும் அவளே குடித்தாள். அதை வைத்து ஒரு பாட்டு எழுதினாள். முப்பது வருடத்தில் அவள் எழுதிய முதல் பாட்டு அது. கோட்டுப் பாட்டைவிட நன்றாக வந்திருந்தது, அது அவளுக்கே தெரிந்தது.

அந்தப் பாட்டோடுதான் இந்த நவம்பரில் ஸ்கெக்னஸ் முகாமுக்கு வந்திருந்தாள். சனிக்கிழமை மாலை நான்கு மணிக்கு மேடை. உடைமாற்றும் அறைக் கதவில் விழா நடத்துகிற கேவின் ஒரு காகிதம் ஒட்டியிருந்தான். மூன்று பாட்டு, மூன்றும் மக்களுக்குத் தெரிந்த பாட்டு, ஹிட் பாட்டு கடைசியில், புதுப்பாட்டு அறவே கூடாது என்று எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டிருந்தது. கேவினையும் குறை சொல்ல முடியாது. மேடையில் ஒருவர் "இது என் புதுப்பாட்டு" என்று சொன்னால் போதும், அறுநூறு நாற்காலியும் ஒரே நேரத்தில் கிரீச்சிடும். பாதிக் கூட்டம் பீர் வாங்கப் போகும், மீதி கழிப்பறைக்குப் போகும். ஏப்ரலில் ஒருவர் அப்படிச் சொல்லிவிட்டு, இரண்டாவது அடியில் தீயணைப்புக்கு நின்ற ஆளுக்கு மட்டும் பாடிக்கொண்டிருந்ததை லொரெய்ன் பார்த்திருக்கிறாள்.

"இன்னிக்கு அதைப் பாடப் போறேன் ட்ரெவர்."

"எதை?"

"தெரியாத மாதிரி நடிக்காதே. பியானோ வாசிச்சுக் கொடுத்தவனே நீதானே."

"அது உன் வீட்டு அடுப்படியில நீ பாடிக்கிறதுக்கு. கதவுல என்ன ஒட்டியிருக்கான்னு பார்த்தியா? அடுத்த வருஷம் லிஸ்ட்ல உன் பேர் இருக்காது."

"இல்லாட்டிப் போகுது."

"போகுதா? சனிக்கிழமையும் இல்லேன்னா வேற என்ன பண்ணுவே? அந்த ரெண்டு கப்பையும் பார்த்துட்டே உக்காந்திருப்பியா?"

ட்ரெவர் எப்போதும் இப்படித்தான், பட்டென்று சொல்லிவிடுவான். லொரெய்ன் கொஞ்ச நேரம் உதட்டுச் சாயத்தைத் திருகிக்கொண்டிருந்தாள்.

"நாப்பது வருஷமா ஒரே கோட்டை வெச்சுப் பொழப்பு ஓட்டறேன். நான் பாட்டு எழுதறவளா, இல்லே வெறும் கோட்டு வெச்சிருக்கறவளா? சாகறதுக்குள்ள அது ஒண்ணு தெரிஞ்சாப் போதும். எழுந்து போனாங்கன்னா சரி, நான் பேனாவை மூடி வெச்சிடறேன்."

"முதல்ல மூக்கைத் துடை. மேடைக்கு நேரமாச்சு."

அறுபத்தொன்றாம் இடத்துப் பாட்டை முதலில் பாடினாள். மரியாதைக்குக் கைதட்டினார்கள். அடுத்தது நடுப்பாட்டு. ட்ரெவர் கணினிக்குப் பின்னாலிருந்து அவளைப் பார்த்து, சரி, ஆனது ஆகட்டும் என்று தலையாட்டினான். மேடை ஓரத்தில் கேவின் பட்டியல் செருகிய அட்டையும் கடிகாரமுமாக நின்றான். லொரெய்ன் மைக்கருகே வந்தாள். முன்வரிசையில் ஊதா நிறக் கம்பளிச் சட்டை போட்ட ஒரு பெண் ஏற்கெனவே நாற்காலிக் கையைப் பிடித்து எழத் தயாராக இருந்தாள். அதைப் பார்த்ததும் லொரெய்னுக்கு இருந்த துணிச்சல் எல்லாம் வடிந்துபோனது.

"கோட்டுப் பாட்டு இசைத்தட்டைத் திருப்பிப் போட்டா மறுபக்கத்துல ஒரு பாட்டு இருக்குமே, ஞாபகம் இருக்கா?" என்று கேட்டுவிட்டாள். வாய் தானாகச் சொன்ன பொய். "உங்க எல்லார் வீட்லயும் இருக்கு. அதைப் பாடறேன்."

"இருக்கே!" என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. அந்த மறுபக்கத்தில் உண்மையில் என்ன இருக்கிறது என்று அவளுக்குத் தெரியும், கம்பெனிக்காரருக்குத் தெரியும். செலவு மிச்சம் பிடிக்க அதே கோட்டுப் பாட்டைக் குரல் இல்லாமல் வெறும் வாத்தியமாகப் போட்டிருந்தார்கள். நாற்பது வருடத்தில் ஒருவரும் அதைத் திருப்பிப் போட்டிருக்க மாட்டார்கள். நாற்காலிகள் கிரீச்சிடவில்லை. ஊதாச் சட்டைக்காரி கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

ரெண்டு கப் போட்டேன், பழக்கம் விடலே,
உன்னதும் ஆறுது, என்னதும் ஆறுது,
கொட்டக் கை வரலே, யாரும் கேட்கலே,
உன்னதையும் சேர்த்து நானே குடிச்சேன்.

அந்தக் கூடத்தில் அப்படி ஓர் அமைதியை அவள் கேட்டதே இல்லை. பாட்டு அவளுடைய இப்போதைய தொண்டைக்கு எழுதியது, எட்டாத சுரம் ஒன்றும் கிடையாது, பெட்டிக்குள்ளிருந்து யாரும் உதவிக்கு வர வேண்டியதில்லை. இரண்டாவது பல்லவிக்குக் கூட்டம் முனக ஆரம்பித்தது. மூன்றாவதற்கு, சின்ன வயதிலிருந்து மனப்பாடம் ஆனது போலச் சேர்ந்தே பாடினார்கள். லொரெய்னுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. மால்கம் இருந்திருந்தால் இதை நிறுத்தியிருக்க மாட்டான் என்று நினைத்தாள். பிறகு கோட்டுப் பாட்டு வந்தது, கோட்டுகள் சுழன்றன, மைக்கை நீட்ட வேண்டிய இடத்தில் நீட்டினாள், அந்தப் பெண் வந்து தன் சுரத்தைப் பாடிவிட்டுப் போனாள்.

மேடையிலிருந்து இறங்கியதும் கேவின் ஓடிவந்தான். அவனுக்கு எல்லோரும் செல்லம்தான், பாட்டுக்காரியும் செல்லம், பீர் பீப்பாய் இறக்குகிறவனும் செல்லம்.

"லோரி செல்லம், இத்தனை வருஷமா இதை எங்க ஒளிச்சு வெச்சிருந்தீங்க? எங்கம்மா வீட்ல இதைத்தான் போட்டுட்டே இருப்பாங்க. எனக்கு வரிக்கு வரி ஞாபகம் இருக்கு!"

"உங்கம்மாவா?" என்றாள் லொரெய்ன்.

"சத்தியமா. இருபத்து மூணு வயசுல எப்படித்தான் எழுதினீங்களோ! அந்தக் காலத்துல எழுதற மாதிரி இப்ப யாருக்கும் எழுத வரதில்லே. அடுத்த வருஷம் ரெண்டு பாட்டும் வேணும். அப்ப பாடின மாதிரியே, ஒண்ணையும் மாத்தாம."

அவன் போன பிறகு ட்ரெவர் கேபிளைச் சுருட்டியபடியே சொன்னான்: "புருஷனை மண்ணுக்குள்ள வெச்சவ எழுதின பாட்டு. சின்னப் பொண்ணு எழுதியிருப்பாளான்னு ஒருத்தனுக்கும் தோணலே பாரேன்."

லொரெய்னுக்கு அப்போதுதான் உறைத்தது. அவள் தெரிந்துகொள்ள விரும்பியது தெரிந்துவிட்டது, அவள் பாட்டு எழுதுகிறவள்தான். ஆனால் அதையும் அந்தப் பெண்ணே எடுத்துக்கொண்டுவிட்டாள். நாற்பது வருடமாகக் கைதட்டு முழுவதையும் வாங்கிக்கொண்டவள், இப்போது மால்கமையும் வாங்கிக்கொண்டாள். தானே தூக்கிக் கொடுத்தது என்பதால் யாரிடமும் சண்டை போடவும் வழியில்லை.

"கையெழுத்துப் போட உக்கார்றேன்ல, முதல்ல வர்ற ஆள்கிட்ட உண்மையைச் சொல்லிடப் போறேன்" என்றாள்.

"கேவின் காதுக்குப் போகும்."

"போகட்டும். இது என் பாட்டு."

கையெழுத்து மேசையில் முதலில் வந்து நின்றது ஊதாச் சட்டைக்காரி. பாலீன் என்று பெயர் சொன்னாள், வொர்க்ஸாப் என்ற ஊரிலிருந்து தங்கையோடு வந்திருக்கிறாளாம். பையிலிருந்து பிளாஸ்டிக் உறை போட்ட பழைய இசைத்தட்டை எடுத்தாள். மஞ்சள் கோட்டோடு அந்தப் பெண் மேலட்டையில் சிரித்துக்கொண்டிருந்தாள்.

"பாலீன், உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். அந்த ரெண்டாவது பாட்டு..."

"அதைச் சொல்லத்தான் நானும் வந்தேன் கண்ணு," என்று பாலீன் மேசையில் கையூன்றிக் குனிந்தாள். "சின்ன வயசுல இதைக் கேட்டப்ப எனக்கு ஒண்ணும் புரியலே. கீத்தும் நானும் கோட்டுப் பக்கத்தைப் போட்டு ஆடுவோம், தட்டைத் திருப்பிப் போட்டா இது ஓடிட்டிருக்கும், நாங்க பேசிட்டிருப்போம். மார்ச்சுல கீத் போயிட்டாரு. இன்னிக்குக் கேக்கறப்பத்தான் புரியுது. அவரு கூட உக்காந்து கேட்ட பாட்டுன்னு நினைச்சா எனக்கு..."

லொரெய்ன் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். சொல்ல வந்தது நாக்கு நுனியில் இருந்தது. இந்தப் பெண்ணுக்கு இப்போதுதான் ஒரு சாயங்காலம் புருஷனோடு திரும்பக் கிடைத்திருக்கிறது, அதைப் பிடுங்க இவளால் முடியவில்லை.

"என்னமோ சொல்ல வந்தீங்களே?"

"ஒண்ணுமில்லே. ரொம்ப நல்லாக் கேட்டுட்டிருந்தீங்கன்னு சொல்ல வந்தேன்."

"பின்னட்டையில போடுங்க. அந்தப் பாட்டு பேருக்குப் பக்கத்துலேயே."

பாலீன் அட்டையைத் திருப்பப் போனாள். லொரெய்ன் அவசரமாகத் தானே வாங்கித் திருப்பினாள். பின்னட்டையின் அடியில் பொடி எழுத்தில் இருந்தது: "உன் கோட்டைத் தரமாட்டேன், வாத்திய இசை மட்டும்." அந்த வரிமேல் பெருவிரலை வைத்துக்கொண்டாள்.

"எழுத்தெல்லாம் ரொம்பப் பொடியா இருக்கு. உங்களுக்குத் தெரியுதா?"

"எங்க தெரியுது? கண்ணாடி காருல கிடக்கு."

லொரெய்ன் மேசையில் இருந்ததிலேயே தடித்த கறுப்புப் பேனாவை எடுத்தாள். வழக்கமாக மூலையில் சின்னதாகக் கிறுக்குவாள். இப்போது பெருவிரலை நகர்த்திய இடமெல்லாம் எழுத்தை இழுத்து, ஒவ்வொரு கோட்டையும் இரண்டு முறை போட்டு, அந்த வரி முழுவதும் மறையும்வரை லோரி கில் என்று எழுதினாள். பிறகு மை காயும்வரை அட்டையைத் தன்னிடமே வைத்துக்கொண்டு, கீத் எப்படி ஆடுவார் என்று கேட்டாள்.