கண்டக்குழியில் நான் தவறவிட்ட றகரம்

பாலாவியில் பேருந்தேறிக் கற்பிட்டியை அடைந்தபோது பிற்பகல் மூன்று மணி. ஏறத்தாழ நாற்பது கிலோமீற்றர் வழியெங்கும் வலப்புறம் களப்பின் உப்புநீர். இடப்புறம் வெங்காயப் பாத்திகள். மழை அரிதான மணல்நிலத்தில் இத்துணைப் பசுமை எவ்வாறு என வியந்தேன்.

கண்டக்குழிக்கு முச்சக்கர வண்டிக் கூலி முந்நூறு ரூபா. ஓட்டுநர் றிஸ்வான் நான் தங்கவிருந்த விடுதிக்கு அடுத்த வளவில் குடியிருப்பவர்.

"எங்கட பக்கம் நிலம் இரங்குது சேர்" என்று அவர் கூறியதாகவே என் செவி கொண்டது. வறண்ட மண், தோண்டுவோர்க்கு நன்னீர் சுரந்து இரங்குகிறது. எத்துணை அழகிய சொல்லாட்சி. ஈரம் என்னும் சொல்லுக்கே அருள் என்ற பொருளும் உண்டென அவருக்கு விளக்கி, அவர் தமிழைப் பாராட்டினேன்.

கண்ணாடியில் என்னைப் பார்த்தார். "ஓம் சேர், நல்ல இரக்கம்தான்" என்று சிரித்தார்.

விடுதி போர் ஓய்ந்தபின் எழுந்தது. மாலையில் குழாயைத் திறந்ததும் எங்கோ நீரிறைக்கும் பொறி உறுமிற்று. வழிப்புழுதி தீர நெடுநேரம் நீராடினேன்.

மறுநாட் காலை றிஸ்வான் தம் வீட்டுக்கு அழைத்தார். அடுக்களைச் சுவர் என் கை நுழையுமளவு பிளந்திருந்தது. அவர் மனைவி பரீனா அடுப்பை முற்றத்துக்கு மாற்றியிருந்தார்.

"இவரா அந்த இரக்கத்துச் சேர்?" என்று கணவரைக் கேட்டார். பின் என்னிடம், "இரக்கமில்ல சேர், இறக்கம். கீழ போகுது. விடுதிக் குழாய்க்கிணறு தண்ணியோட மணலையும் இழுக்குது. எங்கட கிணறும் உப்பாப் போச்சு" என்றார்.

"சும்மா இரு. சேர் விருந்தாளி."

"விருந்தாளிதானே குளிக்கிற. நேத்துப் பின்னேரம் மோட்டர் நிக்கவேயில்ல. சுவர் விழுமெண்டு புள்ளயத் தூக்கிக்கொண்டு வெளிய வந்திட்டன்."

"குளித்தவன் நானே, அம்மா" என்றேன்.

"தெரியும் சேர். தேத்தண்ணி ஆறுது, குடிங்க."

விலைக்கு வாங்கிய நீரில் ஊற்றிய தேநீர் அது. கோப்பையில் ஒரு துளியும் எஞ்சாமல் குடித்தேன். வல்லினம் இடையினம் என்று ஆயுள் முழுதும் பிறரைத் திருத்தியவன், ஒரு வீடு சரியும் செய்தியை இலக்கியமாகக் கேட்டிருக்கிறேன்.

புறப்படுமுன், கால்மணலைக் கழுவ விடுதிக் குழாயை என் கை பழக்கத்தால் திறந்துவிட்டது. பொறி உறுமிற்று. உடனே மூடினேன்.

சன்னல் வழியே நோக்கினேன். பரீனா அதற்குள் குழந்தையோடு முற்றத்தில் நின்றார்.