பூவாரில் ஒரு மீன் சாப்பாடு

அப்பா தன் வாழ்நாளில் டிக்கெட் எடுப்பதில் ஒரே ஒரு தவறுதான் செய்தார் என்று எங்கள் வீட்டில் ஒரு பேச்சு உண்டு. ரயில் நிலையத்து முன்பதிவு கவுண்டரில் வேலை பார்த்தவர் அவர். எதிரே நிற்பவர் முகத்தைப் பார்த்தே, 'முட்டு வலி உண்டா, கீழ்ப் படுக்கை போடட்டுமா' என்று கேட்டு எடுத்துக் கொடுப்பார் என்று ஊரில் பேர். அப்படிப்பட்டவர், சொந்தக் குடும்பத்தைப் பூவாருக்குப் படகில் சுற்றிப் பார்க்கக் கூட்டிப் போனபோது, மீன் சாப்பாட்டோடு சேர்த்துச் சீட்டு எடுத்துவிட்டார். பக்கத்து வீட்டுப் பிறந்தநாள் கேக்கில் முட்டை உண்டா என்று விசாரித்து, உண்டென்றால் வாசலிலேயே நன்றி சொல்லி அனுப்பிவிடும் குடும்பம் எங்களுடையது.

அப்போது எனக்குப் பத்து வயது. நாங்கள் கரமனையில் வாடகைக்கு இருந்தோம். அப்பா, அம்மா, நான், அப்பாவின் அக்காவான அத்தை. அப்பாவுக்குத் திருநெல்வேலிப் பக்கம். தாயில்லாத தம்பியை வளர்ப்பதற்காகக் கல்யாணமே வேண்டாம் என்று இருந்துவிட்டவள் அத்தை. நான் பிறந்ததும் எங்களோடு வந்துவிட்டாள். சமையல்கட்டு அவளுடையது. கரமனைச் சந்தைக்குப் போனால் மீன் விற்கிற பக்கத்தைச் சுற்றிக்கொண்டு, தேங்காய்க்கடை வழியாக முந்தானையை மூக்கில் வைத்துக்கொண்டு போவாள். மாலையில் எங்கள் தெருவில் எந்த வீட்டில் என்ன பொரிகிறது என்று கதவைச் சாத்திக்கொண்டே சொல்லிவிடுவாள். அப்படி ஒரு மூக்கு.

அம்மாவுக்கு நாகர்கோவில் பக்கம். நான் நடக்கப் பழகுவதற்குள் அவளுடைய அப்பா, அம்மா இருவரும் அடுத்தடுத்துப் போய்விட்டார்கள். மாமா மஸ்கட்டுக்குப் போனார். வீட்டை யாருக்கோ வாடகைக்கு விட்டாகிவிட்டது. லீவுக்குப் போய்த் தங்க எனக்கு அம்மா வழியில் ஒரு வீடு இல்லை என்பது மட்டும்தான் எனக்குத் தெரியும். அந்த வீட்டில் என்ன சமைத்தார்கள், என்ன சாப்பிட்டார்கள் என்றெல்லாம் நான் கேட்டதில்லை. யாரும் சொன்னதுமில்லை.

ஓண லீவில் ஒரு நாள் காலை கிழக்கே கோட்டை நிலையத்திலிருந்து பஸ் பிடித்துப் பூவாருக்குப் போனோம். அத்தை விடியற்காலையில் எழுந்து எலுமிச்சம்பழச் சாதமும் உருளைக்கிழங்குப் பொரியலும் நாலு டப்பாக்களில் கட்டிக்கொண்டாள். படகுத்துறையில் அப்பா சீட்டை நீட்டியதும் அங்கே இருந்தவர் உரக்க வாசித்தார். "போட் நாலு பேர்க்கு. ஸ்பெஷல் மீன் ஊண் உண்டு, அல்லே சாரே?"

அத்தை திரும்பிப் பார்த்த பார்வையில் அப்பா சட்டைப் பொத்தானைத் தடவத் தொடங்கிவிட்டார்.

"நாள் பூரா ஊருக்கெல்லாம் டிக்கெட்டு குடுக்கிற. நமக்கு ஒண்ணு ஒழுங்கா எடுக்கத் தெரியலையாலே?"

"ஊணுன்னா சைவமாத்தான் இருக்கும்னு நெனச்சிட்டேன்க்கா" என்றார் அப்பா.

அத்தை அந்தச் சீட்டைப் பிடுங்கிக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டாள். பஸ்களின் நெற்றியில் எழுதியிருப்பதை வாசித்து வாசித்தே மலையாளம் கற்றவள். எழுத்துக் கூட்டி, உதடு அசைய, மேலிருந்து கீழே வாசித்தாள். அவள் கைக்கு அடியில் தலையை நுழைத்து நானும் வாசித்தேன். நாலு பேருக்குப் படகு. ஒருவருக்கு மீன் ஊண். அப்பா இரண்டாவதாகவும் ஒரு தவறு செய்திருந்தது எனக்கு உடனே பிடிபட்டுவிட்டது. நாலு பேர் வருகிறோம், ஊண் ஒருவருக்கு மட்டும் சொல்லியிருக்கிறார். இதையும் அத்தை கண்டுபிடித்தால் அப்பாவின் கதி என்ன என்று பயந்தேன். ஆனால் அத்தை கண்ணாடியைக் கழற்றினாள். சீட்டை நாலாக மடித்து அப்பாவின் சட்டைப் பையில் வைத்தாள். "எடுத்தது எடுத்தாச்சு. ஏறுங்க" என்றாள். அவள் சரியாக வாசிக்கவில்லை என்று நினைத்து நான் நிம்மதியடைந்தேன்.

நிறம் மங்கிய லைஃப் ஜாக்கெட்டுகளை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தோம். படகோட்டி ஐம்பது வயதுக்காரர், அதிகம் பேசாதவர். முதலில் குறுகலான கால்வாய்கள். இருபுறமும் தாழை, தண்ணீருக்குள்ளேயே வேர்களை ஊன்றி நிற்கிற கண்டல் மரங்கள். கிளைகள் மேலே கூடி வெயிலை மறைத்திருந்தன. இயந்திரத்தை அவர் நிறுத்திவிட்டு மூங்கிலால் தள்ளும்போது, இலையிலிருந்து நீர் சொட்டுகிற சத்தம்கூடக் கேட்டது. ஒரு நீர்க்காகம் பட்டுப்போன மரத்தில் சிறகை விரித்துக் காயவைத்துக்கொண்டு, எங்களைக் கண்டும் மடக்காமல் இருந்தது. அம்மா படகின் முன்னால் உட்கார்ந்து கையைத் தண்ணீரில் விட்டிருந்தாள். சற்றுத் தள்ளி ஒரு மீன் வெள்ளியாகத் துள்ளி விழுந்தது.

"மடவை" என்றாள் அம்மா, தனக்குத்தானே சொல்வதுபோல.

"அது மடவைன்னு உனக்கு எப்படித் தெரியும்?" என்று நான் கேட்பதற்குள் அப்பா என் தாடையைப் பிடித்துத் திருப்பி, "அங்கே பாரு, மீன்கொத்தி" என்றார். நான் எவ்வளவு பார்த்தும் அங்கே மீன்கொத்தி இல்லை.

கால்வாய் திறந்து ஆறு அகன்றது. அதற்கு அப்பால் நீளமாக ஒரு மணல் திட்டு. அதற்கும் அப்பால் கடல். ஆறு ஓசையில்லாமல் இந்தப் பக்கம் கிடக்க, மணலுக்கு அந்தப் பக்கம் அலைகள் இடித்துக்கொண்டிருந்தன. ஆற்றின் நடுவில் பீப்பாய்களின் மேல் மூங்கில் தளம் போட்டுக் கட்டிய மிதக்கும் சாப்பாட்டுக் கடைகள். அவற்றில் ஒன்றை நெருங்கும்போதே தேங்காயெண்ணெயில் மீன் பொரிகிற வாசனை வந்தது. அத்தையின் முந்தானை மூக்குக்குப் போயிற்று.

அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டார். "அக்கா, நாம மூணு பேரும் மணல்ல போயி நம்ம சாதத்தைச் சாப்பிடுவோம். இவ இங்க இருந்து ஊணு வேண்டாம்னு சொல்லிட்டு, பையைப் பாத்துக்கிட்டு இருக்கட்டும்."

ஊண் வேண்டாம் என்று சொல்ல ஒரு நிமிஷம் போதாதா, பையைக் கையில் எடுத்துப் போனால் என்ன என்றெல்லாம் அத்தை கேட்பாள் என்று எதிர்பார்த்தேன். அத்தை "சரி" என்றாள். அம்மா யார் முகத்தையும் பார்க்காமல் மூங்கில் தளத்தில் ஏறினாள்.

மணலில் நாங்கள் சாப்பிட்டோம். காற்றில் சாதத்தில் மணல் விழுந்து பல்லில் நறநறத்தது. அத்தை எனக்கு இரண்டாவது முறை பொரியல் வைத்தபோதுதான் நாலாவது டப்பா திறக்காமல் இருந்ததைப் பார்த்தேன். அம்மா காலையில் ஒரு டம்ளர் காப்பி குடித்ததோடு சரி. நான் டப்பாவைத் தூக்கிக்கொண்டு எழுந்தேன்.

"அம்மாவுக்குக் குடுத்துட்டு வரேன்."

"அப்புறம் போகலாம், உக்காரு" என்றார் அப்பா, கொஞ்சம் அவசரமாக.

"பசிக்கும்ப்பா அவளுக்கு!"

அப்பா அத்தையைப் பார்த்தார். அத்தை கடலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். படகோட்டி தன் சாப்பாட்டுக்காக அந்தப் பக்கம் போகக் கிளம்பிக்கொண்டிருந்ததால் நான் ஓடிப்போய் ஏறிக்கொண்டேன்.

அம்மா தண்ணீரைப் பார்த்த மேஜையில், ஒரு காலை மடித்து நாற்காலியில் வைத்து உட்கார்ந்திருந்தாள். எனக்கு முதலில் வேறு யாரோ என்று தோன்றியது. வீட்டில் அம்மா உட்கார்ந்து சாப்பிட்டு நான் பார்த்தது குறைவு. எல்லாரும் முடித்தபிறகு, அடுப்படியில் நின்றபடி தட்டில் எதையோ பிசைந்து முடித்துவிடுவாள். இங்கே அவளுக்கு முன்னால் வாழையிலை. அதில் மரச்சீனிக்கிழங்கு, சிவப்பாகக் குழம்பு, நடுவில் பொரித்த கரிமீன் ஒன்று முழுசாக. அவள் விரல்கள் அதன் முதுகில் ஓடின. ஒரு இழுப்பில் நடுமுள் சீப்புப்போல வந்தது. அதை இலை ஓரத்தில் வைத்தாள். ஏற்கெனவே அங்கே முட்கள் வரிசையாக இருந்தன. சமையல்காரப் பெண் பக்கத்தில் நின்று சிரித்துப் பேசிக்கொண்டிருந்தாள். அம்மா குழம்பைத் தொட்டு நாக்கில் வைத்து, "புளி குறைச்சு மாங்கா போட்டிருக்கே, எங்க ஊர்லயும் இப்பிடித்தான்" என்று பாதி மலையாளத்தில் சொன்னாள். அவளுக்கு அவ்வளவு உரக்கச் சிரிக்கத் தெரியும் என்று எனக்கு அதுவரை தெரியாது.

"அம்மா" என்றேன்.

அவள் கை நின்றது. சமையல்காரப் பெண் என்னையும் அவளையும் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

"அது மீன்மா" என்றேன். யாரோ அவளை ஏமாற்றிச் சாப்பிட வைத்துவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன்.

"தெரியும்."

"தெரிஞ்சா சாப்பிடுறே?"

"ஆமா மக்ளே. வா, உக்காரு."

உட்கார்ந்தேன். டப்பாவை மடியில் வைத்து இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அவள் கெஞ்சவில்லை, யாரிடமும் சொல்லாதே என்று சொல்லவில்லை. "எங்க வீட்டுல மீன் இல்லாத நாளே கிடையாது. காலையில சாளைக்காரி சத்தம் கேட்டா நான்தான் சட்டியத் தூக்கிட்டு ஓடுவேன். உன் வயசுல எனக்கு எங்கம்மாதான் முள்ளெடுத்துத் தருவா" என்றாள். வீட்டில் அவள் பேசாத நாகர்கோவில் பேச்சாக அது இருந்தது. எனக்கு அழுகை வருவது போலவும், கூடவே அந்த முள்ளை எடுத்துப் பார்க்க வேண்டும் போலவும் இருந்தது. அம்மா மறுபடி சாப்பிடத் தொடங்கினாள்.

படகோட்டி கைகழுவிவிட்டு மணலுக்குப் போனது எனக்குத் தெரியாது. நான் நிமிர்ந்தபோது படகு திரும்பி வந்துகொண்டிருந்தது. நடுவில் குடை பிடித்தபடி அத்தை.

"அத்தை வர்றா!"

அம்மா இலையைப் பார்த்தாள். பாதி மீன் இருந்தது. இலையை மூட நான் கையை நீட்டினேன். அவள் என் மணிக்கட்டைச் சுத்தமான இடது கையால் பிடித்துக்கொண்டாள். முகம் வெளிறியிருந்தது, ஆனால் எழுந்திருக்கவில்லை.

அதற்குள் படகில் அப்பா திடீரென்று எழுந்து நின்றார். படகு ஆடியது. கையை வீசி எதிர்ப்பக்கம் எதையோ காட்டினார். அங்கே பாறைகள் இருந்தன. ஏற்கெனவே வரும்போது பார்த்த பாறைகள்தான். படகோட்டி தலையைச் சொறிந்துவிட்டுப் படகைத் திருப்பினார். அத்தையின் குடையும் எங்கள் பக்கமாகச் சாய்ந்து, அவள் முகத்தை மறைத்தது. படகு பாறைகளைச் சுற்றி வரப் போயிற்று.

அம்மா என் கையை விட்டாள். மிச்சத்தை முன்னைவிட மெதுவாகச் சாப்பிட்டாள்.

சமையல்காரப் பெண் சோப்பும் பாதி எலுமிச்சம்பழமும் கொண்டுவந்து கொடுத்தாள். அம்மா மூன்று தடவை கை கழுவினாள். மோந்து பார்த்து நாலாவது தடவையும் கழுவினாள். படகு வந்ததும் ஏறிக்கொண்டோம். என் மடியில் டப்பா கனமாக இருந்தது. அத்தை கேட்டால் அம்மா பாதி சாப்பிட்டாள் என்று சொல்லலாமா, ஓட்டல் பெண்ணுக்குக் கொடுத்துவிட்டோம் என்று சொல்லி டப்பாவையே தண்ணீரில் போட்டுவிடலாமா என்றெல்லாம் நான் யோசித்துக்கொண்டிருந்தபோது அப்பா முந்திக்கொண்டார்.

"நீ இன்னும் சாப்பிடலையா? படகுலயே சாப்பிட்டுரு" என்று அம்மாவிடம் சொன்னார், அத்தைக்குக் கேட்கும்படியாக.

அம்மா டப்பாவை வாங்கித் திறந்தாள். எலுமிச்சம்பழச் சாதத்தில் ஒரு பிடி எடுத்தாள். பிடி வாயருகே போய் நின்றது. அப்போது அத்தை கையை நீட்டி டப்பாவை வாங்கி, மூடியை அழுத்தி மூடி, தன் பைக்குள் வைத்துக்கொண்டாள்.

"இப்ப ஒண்ணும் திங்க வேண்டாம். வயித்துக்கு ஆகாது."

"இல்ல மதினி, கொஞ்சம்..."

"வேண்டாம்னா விடு."

அப்பா ஆற்றைப் பார்த்தார். அம்மா தலையைக் குனிந்துகொண்டாள்.

எனக்கோ கோபம் கொதித்தது. அம்மா சாப்பிட்டது எனக்குத் தெரியும், அப்பாவுக்குத் தெரியும். அத்தைக்குத் தெரியாதே! அவள் கணக்கில் அம்மா காலையிலிருந்து பட்டினி கிடப்பவள். பட்டினி கிடப்பவள் வாயருகே கொண்டுபோன சாதத்தைப் பிடுங்கி உள்ளே வைத்தாளே, இவள் எவ்வளவு கெட்டவள்! என்னைக் குளிப்பாட்டி, தலை பின்னிவிட்டு, கதை சொல்லித் தூங்கவைத்த அத்தைதான். அன்று அவள் பக்கத்தில் உட்கார எனக்குப் பிடிக்கவில்லை. பஸ்ஸில் இடம் அவள் பக்கத்தில்தான் கிடைத்தது. ஜன்னலோர இடத்தை அம்மாவுக்குக் கொடுத்துவிட்டு எனக்கும் அம்மாவுக்கும் நடுவில் அத்தை உட்கார்ந்துகொண்டாள். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

விழிஞ்ஞம் தாண்டியதும் அம்மா ஜன்னலில் தலை சாய்த்துத் தூங்கிவிட்டாள். மடியில் கிடந்த அவளுடைய வலது கை அத்தையின் கைக்கு மிக அருகில் இருந்தது. எலுமிச்சைக்கு அடியில் எனக்கே இலேசாக அந்த வாசனை தெரிந்தது. அத்தை முந்தானையை எடுக்கவில்லை.

"என்னட்டி, மூஞ்சிய உம்முனு வச்சிருக்க?" என்று மெல்லக் கேட்டாள்.

அதற்காகவே காத்திருந்தவள்போல் நான் சொன்னேன். "நீ அம்மாவைப் பட்டினி போட்டுட்டே."

அதட்டுவாள், காதைப் பிடிப்பாள் என்று தயாராக இருந்தேன். அத்தை தூங்குகிற அம்மாவைப் பார்த்தாள். நிறைய நேரம் பார்த்தாள். அம்மாவின் நெற்றியில் காற்றில் வந்து விழுந்த முடியை ஒதுக்கிவிட்டாள்.

"ஆமாட்டி" என்றாள். "போட்டுட்டேன்."

அத்தை என்னிடம் தோற்றது அதுதான் முதல் தடவை. ஜெயித்துவிட்ட சந்தோஷத்தில் என் கோபமெல்லாம் போய்விட்டது. அவள் மடியில் தலையை வைத்து நானும் தூங்கிப்போனேன்.