அத்தானின் கார் ஊளையிட்ட கிழமை

நான் இருக்கும் ஜெர்மன் ஊரில் ஒரு கார் வழக்கத்துக்கு மாறாகச் சத்தம் போட்டால், அடுத்த நாள் காலை அதன் முன்கண்ணாடியில் ஒரு துண்டுக் கடதாசி செருகியிருக்கும். எழுதியது யாரென்று தெரியாது. 'மதிப்புக்குரிய அயலவரே' என்று தொடங்கி, மிகுந்த மரியாதையோடு திட்டியிருப்பார்கள். உடுவிலில் கடதாசிக்கு வேலையில்லை. சுன்னாகம் ஸ்டேசனில் என்னை ஏற்றிக்கொண்டு அத்தானின் வெள்ளைக் கார் ஒழுங்கைக்குள் திரும்பியபோது, படலைகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. கையில் அகப்பையோடு ஒருவர், பாதி சவரம் செய்த முகத்தோடு ஒருவர், எல்லோரும் வெளியே வந்து எங்களைப் பார்த்துக் கையாட்டினார்கள். நான் வந்த சந்தோசம் என்று நினைத்து நானும் கையாட்டினேன். அவர்கள் காரைப் பார்க்க வந்திருந்தார்கள். கார் ஊளையிட்டுக்கொண்டிருந்தது. 'ஊஊஊ' என்று ஒரே சுருதியில், மூச்சு விடாமல். பின்னால் நீலப் புகை. அதற்குப் பின்னால் மூன்று நாய்கள்.

"உதென்ன சத்தம் அத்தான்?" என்று கேட்டேன்.

"எஞ்சின் அழுகிற சத்தம் மச்சாள்," என்றார் அத்தான். அக்காவின் கணவர். அறுபது வயது. கலியாண வீடுகளுக்கு மாப்பிள்ளை கார் ஓட்டுவதுதான் அவருடைய தொழில். "போன கிழமை அளவெட்டிப் பக்கம் போனனான். ஆரோ புதுசாய் நாதஸ்வரம் பழகினம் எண்டு சனம் நினைச்சிட்டுது. கராச்சிலை காட்டினன். பிஸ்டன் ரிங் தேஞ்சு போச்சாம். எஞ்சினை இறக்கவேணுமாம். நான் உதை விக்கப்போறன். செவ்வாய்க்கிழமை வவுனியாவிலையிருந்து ஒருத்தன் வாறான், உடைச்சுச் சாமானாய் விக்கிறதுக்கு."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். ஆனால் வீட்டு முற்றத்தில் காரை நிறுத்திய பிறகு, ஸ்டியரிங்கில் வைத்த கையை எடுக்காமல் சிறிது நேரம் இருந்தார். வெள்ளிக்கிழமை அளவெட்டியில் ஒரு கலியாணம். இந்த ஊளையோடு எப்படிப் போவது என்று யோசித்து, மாப்பிள்ளை வீட்டாரை வேறு கார் பார்க்கச் சொல்லிவிட்டாராம். வேறு கார் கிடைக்கவில்லை என்று அவர்கள் காலையிலும் தொலைபேசி எடுத்திருக்கிறார்கள்.

எனக்கோ அந்தச் சத்தம் கேட்டதிலிருந்து உடம்பெல்லாம் ஒரு துள்ளல். அந்த ஊளையை நான் அதுவரை காதால் கேட்டதேயில்லை. ஆனால் பதினொரு வருடங்களாக வாசித்து வந்திருக்கிறேன்.

அதைச் சொல்ல என் வேலையைச் சொல்லவேண்டும். நான் ஒரு கார் உதிரிப்பாகக் களஞ்சியத்தில் வேலை செய்கிறேன். உத்தரவாதக் காலத்துக்குள் பழுதாகித் திரும்பி வரும் சாமான்களைப் பிரித்து, அவற்றோடு வரும் முறைப்பாட்டு அட்டையை வாசித்து, அதற்குரிய புதுச் சாமானைப் பெட்டி கட்டி அனுப்புவது என் மேசையின் பொறுப்பு. எனக்கு அதிகம் வருவது கறுப்புப் பிளாஸ்டிக்கில், உள்ளங்கையளவில், மூன்று நான்கு குழாய் வாய்களோடு இருக்கும் ஒரு சாமான். ஜெர்மன் மொழியில் அதற்கு 'ஓல்அப்ஷைடர்' என்று பெயர். எண்ணெயைப் பிரிப்பது. எஞ்சினின் வயிற்றுக்குள் எழும்பும் புகையில் எண்ணெய்த் துளிகள் கலந்திருக்கும். இந்தச் சாமான் எண்ணெயை வடித்துத் திரும்ப வயிற்றுக்குள் விட்டு, வெறும் காற்றை மட்டும் எஞ்சின் இழுத்துக்கொள்ளக் கொடுக்கும். உள்ளே அப்பளம் போல மெல்லிய ஒரு ரப்பர்த் தட்டு. அது கிழிந்தால் கிழிசல் வழியே காற்று ஊளையிட்டு நுழையும், எஞ்சின் தன் வயிற்று எண்ணெயைத் தானே உறிஞ்சிக் குடிக்கும்.

வேலைக்குப் போன முதல் கிழமையில் எனக்கு அந்தச் சொல் தெரியாது. 'அப்ஷீட்' என்றால் பிரியாவிடை என்று மட்டும் வகுப்பில் படித்திருந்தேன். எங்கள் மேற்பார்வையாளர் வந்து, என் மேசையைக் காட்டி, கதவைக் காட்டி, "அப்ஷைடர்" என்று ஏதோ சொன்னார். என்னை வேலையால் நிற்பாட்டிவிட்டார்கள் என்று விளங்கிக்கொண்டேன். ஏப்ரனைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, அவருடைய கையைப் பிடித்து நன்றி சொல்லி, அழுதபடி பஸ் தரிப்பிடத்துக்குப் போய்விட்டேன். பெரிய உடம்போடு அவர் பின்னால் ஓடி வந்தார். அவர் கையில் அந்தக் கறுப்புப் பெட்டி. கதவடியில் இறங்கிய பெட்டிகளை என் மேசைக்கு எடுத்து வரச் சொல்லியிருக்கிறார், அவ்வளவுதான்.

அந்த அட்டைகளில் மனிதர்கள் எழுதுவது எப்போதும் ஒன்றுதான். 'ஊளையிடுகிறது.' 'நீலப் புகை.' 'எண்ணெய் குடிக்கிறது.' 'எண்ணெய் அளக்கும் கம்பியை உருவினால் ஊளை நிற்கிறது.' இந்தக் கடைசி வரியைத்தான் நான் அத்தானின் முற்றத்தில் நின்று மனதுக்குள் திருப்பித் திருப்பிச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"அத்தான், ஒருக்காப் பொனட்டைத் திறவுங்கோ."

"உனக்கேனடி உந்த வேலை?" என்றாள் அக்கா. "முகத்தைக் கழுவிப்போட்டுத் தேத்தண்ணியைக் குடி."

அத்தான் யோகனைக் கூப்பிட்டார். மருதனார்மடத்தில் கராச் வைத்திருப்பவர், ரிங் தேய்ந்துவிட்டது என்று சொன்னவர். நாற்பது வயதிருக்கும். ஜெர்மனியிலிருந்து ஆள் வந்து தன்னைப் பிழை பிடிக்கப்போகிறது என்ற எண்ணத்தோடு, நெற்றியைச் சுருக்கிக்கொண்டு வந்து நின்றார். நான் எண்ணெய் அளக்கும் கம்பியைத் தேடினேன். அது எங்கே இருக்கும் என்று எனக்குத் தெரியவில்லை. யோகன்தான் விரலால் காட்டினார். அத்தான் எஞ்சினைக் கிளப்பினார். ஊளை தொடங்கியது. அடுத்த வளவு நாயும் தொடங்கியது. நான் கம்பியை உருவினேன்.

ஊளை நின்றது. நாய் மட்டும் தனியே ஊளையிட்டு, வெட்கப்பட்டு நிறுத்தியது.

கம்பியைத் திரும்பச் செருகினேன். ஊஊஊ. உருவினேன். அமைதி. அக்கா தேத்தண்ணித் தட்டோடு வாசலில் நின்று சிரிக்கத் தொடங்கிவிட்டாள். பிறகு எண்ணெய் ஊற்றும் மூடியைத் திறக்கப் பார்த்தேன். உள்ளேயிருந்து யாரோ பிடித்து இழுப்பதுபோல இருந்தது. யோகன் இரண்டு கையாலும் திருகித்தான் திறக்க முடிந்தது. அந்த வாயின் மேல் ஒரு சொப்பிங் பையை விரித்து, விளிம்புகளை இறுக்கிப் பிடித்தேன். பை 'டப்' என்று குழிந்து இறுகி நின்றது. விரலால் தட்டினால் தவில் போலச் சத்தம் வந்தது.

"நல்ல எஞ்சின் இவ்வளவு இழுக்காது," என்றேன். "உள்ளுக்கை ஒரு ரப்பர் கிழிஞ்சு போச்சு. எண்ணெயைப் பிரிக்கிற சாமான். அதை மாத்தினால் சரி. ரிங்கிலை பிழையில்லை."

யோகன் பையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். நெற்றிச் சுருக்கம் போயிருந்தது. "அக்கா, ஜெர்மனியிலை ஒரு ஆயிரம் எஞ்சின் கழட்டியிருப்பியள் என்ன?" என்றார்.

அந்த இடத்தில் என் துள்ளல் சட்டென்று அடங்கியது. ஊரில் என்னைப் பற்றி ஒரு கதை உண்டு. 'சின்னவள் ஜெர்மனியில் கார் கொம்பனி எஞ்சினியர்.' அம்மா உயிரோடிருந்தபோது கோயில் வீதியில் தொடங்கிவைத்தது. நான் ஒருநாளும் அதை ஓம் என்று சொன்னதில்லை. இல்லை என்றும் சொன்னதில்லை. இப்போது ஒரு மனிதர் என் சொல்லை நம்பித் தன் காரை வைத்திருப்பதா விற்பதா என்று தீர்மானிக்கப் போகிறார்.

"ஒண்டும் கழட்டேல்லை," என்றேன். "நான் எஞ்சினியர் இல்லை தம்பி. பெட்டி கட்டிறவள். காரின்ரை பொனட்டுக்குள்ளை கை வைச்சது இண்டைக்குத்தான் முதல் தரம்."

அக்காதான் முதலில் வாயைத் திறந்தாள்.

"எனக்குத் தெரியும்."

"என்ன தெரியும்?"

"வருசா வருசம் முதுகு நோவுக்கு எண்ணெய் அனுப்பு, எண்ணெய் அனுப்பு எண்டு கேக்கிறாய். எஞ்சினியருக்கு ஏனடி முதுகு நோகுது?"

யோகன் வெடித்துச் சிரித்தார். சிரிப்பு அடங்கியதும், "நானும் படிச்சு வந்தவன் இல்லை அக்கா," என்றார். "ஆனால் கம்பியை உருவச் சத்தம் நிண்டதை நான் என்ரை காதாலை கேட்டனான்." அத்தான் தொலைபேசியை எடுத்துக்கொண்டு வேலிப்பக்கம் போனார். "தம்பி, செவ்வாய்க்கிழமை வரவேண்டாம்," என்பது மட்டும் எனக்குக் கேட்டது. அடுத்த மூன்று நாளும் காரைச் சுற்றிச் சுற்றி வந்தேன். சொப்பிங் பை பொய் சொல்லுமா என்று அக்காவிடம் பத்துத் தரம் கேட்டிருப்பேன்.

சின்ன வயதில் சண்டைக்குள் பெற்றோல் வராத காலத்தில், அப்பாவின் கார் மண்ணெண்ணெயில் ஓடியது. கிளப்புவதற்கு மட்டும் சில துளி பெற்றோல் விடவேண்டும். குப்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பது என் வேலை. துளி விடுவது அண்ணையின் வேலை. எட்டிப் பார்த்தால், "பெட்டைப்பிள்ளை, தள்ளி நில்" என்பார் அப்பா. தள்ளி நின்றேன். பிறகு இன்னும் தள்ளி, ஜெர்மனி வரைக்கும் போய்விட்டேன்.

நல்ல காலம், என் கணவருக்கு லீவு சில நாள் பிந்தித்தான் கிடைத்திருந்தது. அத்தானின் காரும் எங்கள் களஞ்சியம் சாமான் அனுப்பும் ஜெர்மன் கார்தான், சாமானின் இலக்கம் எனக்கு மனப்பாடம். குழாய்களையும் சேர்த்து முழுத் தொகுதியாக வாங்கி வரச் சொன்னேன். பிளாஸ்டிக் சாமான் நசுங்கிவிடும் என்று பயந்து, அவர் அதை விமானத்தில் மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தாராம். கட்டுநாயக்காவில் சுங்க அதிகாரி ஒருவர் அதைத் தூக்கி, என்ன இது என்று ஆங்கிலத்தில் கேட்டிருக்கிறார். "ஒயில் செப்பரேட்டர்" என்றிருக்கிறார் இவர். "கோக்கனட் ஒயில்?" என்று கேட்டிருக்கிறார் அதிகாரி. இரவெல்லாம் நித்திரையில்லாத இவர், "யெஸ், யெஸ்" என்றிருக்கிறார். அதிகாரி அதை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்து, பக்கத்து அதிகாரியையும் கூப்பிட்டுக் காட்டி, தன் அம்மாவுக்கும் இப்படி ஒன்று இருந்தால் தேங்காய் எண்ணெய் வடிக்க எவ்வளவு சுகம் என்று சொல்லி, மிகுந்த மரியாதையோடு அனுப்பிவைத்தாராம்.

வியாழக்கிழமை மத்தியானம் இவர் வந்து இறங்கினார். சோறு போட்ட கோப்பை அப்படியே இருக்க, யோகனும் நானும் பெட்டியைப் பிரித்தோம். மேலே இருந்த காற்றுக் குழாய்களை யோகன் கழற்றினார். சாமான் இருந்தது எஞ்சினுக்கும் அதன் மேலுள்ள பெரிய பிளாஸ்டிக் கூட்டுக்கும் நடுவில், ஒரு இருண்ட இடுக்கில். யோகனின் கை பனங்கிழங்குக் கட்டுப் போல. உள்ளே போகவில்லை. என் கை போனது. கண்ணால் பார்க்க முடியாது. ஆனால் விரல்களுக்கு எல்லாம் தெரிந்தது. இது மேல் வாய், இது பக்க வாய், இதிலே பூட்டு, அமத்தினால் திறக்கும். பதினொரு வருடம் மேசையில் தடவியது இருட்டுக்குள் அதே இடத்தில் இருந்தது. பழைய குழாய் முறுக்குப் போல நொறுங்கி வந்தது. பழைய சாமானை வெளியே எடுத்து யோகன் பிளந்தார். ரப்பர்த் தட்டு ஓரத்தில் வாய் பிளந்து கிடந்தது.

"இந்தா கிடக்கு!" என்று கத்தினார் யோகன். அத்தான் அதை வாங்கி, கோயில் பிரசாதம் போல இரண்டு கையிலும் ஏந்திப் பார்த்தார்.

புதியதை உள்ளே விட்டு அமத்தினேன். 'டிக்.' அந்தச் சத்தம் எனக்கு என் பெயரை விடப் பழக்கமானது. எல்லாவற்றையும் பூட்டி, அத்தான் திறப்பைத் திருகினார். ஊளை இல்லை. சத்தமே இல்லை. கிளம்பவில்லை என்று நினைத்து அத்தான் இன்னொரு தரம் திருக, ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்த எஞ்சின் 'கிரீச்' என்று கோபித்தது. நாங்கள் ஒருவரை ஒருவர் பிடித்துக்கொண்டு குதித்தோம். அப்போது பின்னாலிருந்து ஒரு நீல மேகம் கிளம்பியது. மாமரம் மறைந்தது. அக்கா மறைந்தாள்.

பெட்டிக்குள் ஒரு சின்னத் துண்டுக் கடதாசி இருக்கும். ஆயிரக்கணக்கில் மடித்து வைத்திருக்கிறேன். ஒருநாளும் வாசித்ததில்லை. புகைக்குள் தவழ்ந்து அதைத் தேடியெடுத்து வாசித்தேன். குழாய்களில் தேங்கிய எண்ணெய் எரிந்து முடியும்வரை புகை வரலாம், பயப்படவேண்டாம், சிறிது தூரம் ஓட்டவும்.

"ஏறுங்கோ எல்லாரும்!" என்றேன்.

ஐந்து பேரும் ஏறினோம். சுன்னாகத்தில் எங்களுக்குப் பின்னால் ஒரு பஸ் கண் தெரியாமல் ஹோர்ன் அடித்தது. மல்லாகத்தில் புகை மெலிந்தது. தெல்லிப்பழையில் யோகன் யன்னலால் தலையை நீட்டிப் பின்னால் பார்த்து, "இல்லை அக்கா! ஒண்டுமில்லை!" என்று கூவினார். அத்தான் நிறுத்தவேயில்லை. காங்கேசன்துறைக் கடல் வந்து வழி முடிந்ததால்தான் நிறுத்தினார். எல்லோரும் சோடா குடித்தோம். அத்தான் எஞ்சினை நிற்பாட்டாமல் விட்டு, அது ஓடுகிறதா என்று பொனட்டில் காதை வைத்து வைத்துப் பார்த்தார். பிறகு மாப்பிள்ளை வீட்டுக்குத் தொலைபேசி எடுத்து, "கார் வரும்," என்றார். அடுத்த நாள் அளவெட்டியில் மேளம் முழங்க மாப்பிள்ளை இறங்கியபோது, அத்தான் அவரைவிட நிமிர்ந்து நின்றார்.

இப்போது நான் ஜெர்மனிக்குத் திரும்பி வந்து இரண்டு மாதம். பத்து மணி இடைவேளையில் என் தொலைபேசி அடிக்கும். உடுவிலிலோ மானிப்பாயிலோ யாரோ ஒருவருடைய கார். யோகன் தொலைபேசியை எஞ்சினுக்குப் பக்கத்தில் பிடிக்க, அத்தான் விளக்கம் சொல்வார். நேற்றும் அப்படித்தான். ஒரு காதில் களஞ்சியத்தின் தூக்கி வண்டிகள் பீப் பீப் என்று பின்னோக்கி வந்தன. மற்றக் காதில் காகங்களும், யாரோ தேங்காய் துருவுவதும், அவற்றுக்கு நடுவில் ஒரு பழைய எஞ்சினும். கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். "மச்சாள், கம்பியை உருவட்டே?" என்றார் அத்தான். அதே நேரம் பக்கத்து மேசைக்காரி, கோப்பி குடிக்க வருகிறாயா என்று ஜெர்மனில் கேட்டாள். இருவருக்கும் ஒரே மூச்சில் பதில் சொன்னேன். அவளிடம் "ஓம்" என்றேன். அத்தானிடம் ஜெர்மனில் "யா" என்றேன்.

அவள் எனக்கும் சேர்த்துக் கோப்பி எடுக்கப் போனாள். அத்தான் கம்பியை உருவினார்.