செம்பனையில் குடியிருக்கும் முப்பத்தொரு குடும்பம்

மலேசியாவிலுள்ள நீதிபதிகள் அத்தனை பேரையும் ஒரு மண்டபத்தில் அடைத்து, எங்கள் குடியிருப்புப் பஞ்சாலை அத்தையை வாசலில் உட்கார வைத்தால், மூன்றாம் நாள் அவர்களே ஜாமீன் கேட்டு மனுப் போடுவார்கள்.

கோர்ட்டுக்குக் கிளம்பும் காலையில் ரொட்டிப் பைக்குள்ளிருந்து தாள்களை எடுத்து, ஒவ்வொன்றாக மூக்குக்குக் கொண்டுபோவார். மலாய் எழுத்து அவருக்கு ஓடாது. தைலம் மணந்தால் எஸ்டேட் ஆபிஸ் குமாஸ்தாவான கிராணியின் கடிதம். டீ கிளாஸ் வட்டம் விழுந்திருந்தால், ஜாமீன் கிடையாது என்று செஷன்ஸ் கோர்ட் சொன்ன தாள். வட்டம் தற்செயலாக விழுந்ததல்ல. "அதுக்கு அந்த மரியாதை போதும்லா" என்பார்.

மகன் குணாளன்மேல் நகைக்கடைக் கொள்ளை வழக்கு. பாராங் கத்தியோடு நாலு பேர் போனார்களாம், அதில் இவனும் ஒருவனாம். ஐந்து மாதமாக உள்ளே இருக்கிறான். செய்தானா இல்லையா என்று ஒருநாள் நான் வாயை விட்டேன். எண்ணெய் ஆட்டும் செம்பனைக் கொட்டை பொறுக்கிக்கொண்டிருந்தவர் நிமிரவில்லை.

"அத கேஸ் நடக்கறப்ப கோர்ட்டு பாக்கட்டும். செஞ்சிருந்தா நானே செருப்பால அடிப்பேன். ஆனா வீடு வாசல் இல்லாத பயலுன்னு போலீஸ்காரன் எழுதிருக்கான் பாரு, அது பொய்."

முழுப் பொய்யும் இல்லை என்பதுதான் சிக்கல். குணாளனின் ஐசியில், அதாவது அடையாள அட்டையில், இருக்கும் விலாசம் தோட்டத்து இரண்டாம் டிவிஷன் தொழிலாளர் வரிசை வீடான லயம். அந்த லயத்தை இடித்துச் செம்பனை நட்டு ஒன்பது வருடம் ஆகிறது. எல்லோரும் லுக்குட் பக்கம் மலிவு வீடுகளுக்கு வந்துவிட்டோம். விலாசத்தை மட்டும் யாரும் கூட்டி வரவில்லை. கடிதம் எஸ்டேட் ஆபிஸுக்கு வரும், சனிக்கிழமை போய்க் கிராணியிடம் வாங்கிக்கொள்வோம். எங்களுக்கு அதுவே பழக்கம். சரிபார்க்கப் போன போலீஸ்காரருக்குச் செம்பனை மரம்தான் வணக்கம் சொல்லியிருக்கிறது. நிலையான விலாசம் இல்லை, விட்டால் ஓடிவிடுவான் என்று ஜாமீனை மறுத்துவிட்டார்கள். வீட்டுக் கரண்ட் பில்லைக் காட்டலாம் என்றால், அது அத்தையின் இறந்துபோன கணவர் மாயாண்டி பேரில் இன்னும் வந்துகொண்டிருக்கிறது.

ஹை கோர்ட்டுக்குப் போகலாம், ஆனால் வீடு இருப்பதற்கு அத்தாட்சி வேண்டும் என்றார் வக்கீல் லியாக்கத் அலி. மறுநாளிலிருந்து அத்தை வேலை முடிந்ததும், கொட்டை வாளியோடு கிராணி ஹேமநாதனின் ஆபிஸ் வாசலில் உட்கார ஆரம்பித்தார்.

"இடிச்ச லயத்துக்கு நான் எப்படிம்மா லெட்டர் குடுக்கறது?"

"இடிச்சது உங்க கம்பெனிதானே கிராணி ஐயா? அதையே எழுதுங்க."

ஆறாம் நாள் எழுதிக் கொடுத்தார். வாளியின் வாடையும் கொஞ்சம் உதவியிருக்கும்.

அதோடு விட்டாரா? எங்கள் குடியிருப்பில் கதவு கதவாகத் தட்டி, முப்பத்தொரு குடும்பத்து ஐசியையும் வாங்கி நகல் எடுத்தார். என் அம்மாவுடையதும் அதில் உண்டு. எல்லாவற்றிலும் அதே லயத்து விலாசம். நகல் கட்டைக் கொண்டுபோய் வக்கீல் மேசையில் வைத்து, "அப்ப நாங்க அத்தன பேரும் செம்பன மரத்துலயா தொங்கறோம்? கேளுங்க சார்!" என்றார். வக்கீல் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுப் பேனாவை எடுத்தார்.

கோர்ட் இருக்கும் சிரம்பானுக்கு மோட்டார் சைக்கிள் ஓட்டுவது அத்தைதான். லைசென்ஸ் இல்லாத நான் பின்னால் பையைப் பிடித்துக்கொள்வேன். முதல் முறை சிலிப்பரோடு போனதால் கோர்ட் காவலாளி உள்ளே விடவில்லை. இப்போது பள்ளிப் பிள்ளைகள் போடும் கறுப்புச் சப்பாத்தும் வெள்ளைக் காலுறையும்.

"அத்தை, ஹோம்வொர்க் செஞ்சாச்சா?"

"வாய மூடுடா கொரங்கு."

போன செவ்வாய்க்கிழமை ஹை கோர்ட் நீதிபதி நகல்களை ஒவ்வொன்றாகப் புரட்டினார். அரசுத் தரப்பு வக்கீல் எழுந்து விலாசம் பற்றி ஏதோ தொடங்கினார். பதினேழாவது நகலில் நீதிபதி கையை உயர்த்தி அவரை உட்காரச் சொன்னார். ஜாமீன் கிடைத்தது. இரண்டு பேர் பொறுப்பேற்க வேண்டும், பாஸ்போர்ட்டை ஒப்படைக்க வேண்டும், மாதம் ஒருமுறை போலீஸ் நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும். கூண்டிலிருந்து குணாளன் தாயையே பார்த்தான். தாயோ மொழிபெயர்ப்பாளரைப் பிடித்துக்கொண்டு, "எந்தத் தேதி கையெழுத்து? சரியாச் சொல்லுங்க, நானே இழுத்துட்டுப் போவேன்" என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

வெளியே வந்ததும் நான் அவருக்கு முன்னால் ஓடி, மோட்டார் பக்கத்தில் முகம் தெரியாமல் குனிந்துகொண்டேன்.

"என்னடா அங்க?"

"செயின் லூசா இருக்கு அத்தை. பாத்துக்கிட்டிருக்கேன்."

அத்தை பின்னால் வந்து எட்டிப் பார்த்தார்.

"அது பொகக்கொழாடா. செயின் இந்தப் பக்கம்."

தோளில் கிடந்த, 'குட் மார்னிங்' என்று அச்சடித்த துண்டை உருவி, என் முகத்தைப் பார்க்காமலேயே நீட்டினார்.