பீலியடியில் இருந்த கத்தி

காலை ஆறேகால். முதலில் கண்ணில் பட்டது, தொழிலாளர் குடியிருப்பான லயத்தின் ஒரு வாசற்படியில் கிடந்த சாணைக்கல். அதன் மேல் சாம்பல் நிறச் சேறு இன்னும் ஈரமாக இருந்தது.

இலங்கை மலையகத்தில், லிந்துலைக்கு மேலே உள்ள ஒரு தேயிலைத் தோட்டம். நான் பத்திரிகை நிருபராகப் போயிருந்தேன். முந்தின நாள் மாலை, அந்த வாசற்படிக்குரிய, தேயிலைச் செடிகளைக் கத்தியால் வெட்டிவிடும் கவ்வாத்துக்காரன், லயத்தின் மறுகோடியில் தண்ணீர் பிடிக்கும் பீலியடியில் தன் தங்கையின் புருஷனை வெட்டிக் கொன்றுவிட்டான். தங்கையை அவள் புருஷன் அங்கே கூந்தலைப் பிடித்து அடித்தான் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. வெட்டியவனைப் பொலிஸ் கொண்டுபோயிருந்தது. வெட்டியதை மிக அருகில் நின்று பார்த்தவள் அந்தத் தங்கைதான்.

"அண்ணே பீலியடியிலதாங்க கத்தி தீட்டிக்கிட்டு இருந்துச்சு. அவரு என்னைய அடிக்கவும் எந்திரிச்சு வெட்டிருச்சு" என்றாள். நான் கேட்காமலே மறுபடியும் அதையே சொன்னாள், ஒரு சொல் மாறாமல்.

பீலியில் குடத்துடன் நின்ற ஒரு கிழவியிடம், ஆண்கள் இங்கேதான் கத்தி தீட்டுவார்களா என்று கேட்டேன்.

"பொம்பளைங்க தண்ணி புடிக்கிற எடத்துலயா? நல்லாக் கேட்டீங்க போங்க. அவங்கவங்க வாசல்லதான்..." என்று சிரித்தவள், எனக்குப் பின்னால் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினாள். "தீட்டுவாங்க, தீட்டுவாங்க. ஏன், தீட்டக் கூடாதா? பேப்பர்காரரு பென்சிலு தீட்டவா வந்தீங்க?"

பின்னால் தங்கை நின்றாள். நான் திரும்பி வாசற்படிக்குப் போனபோது, கல்லைக் கழுவிச் சுவரில் சாய்த்திருந்தார்கள்.

மலைப் பனியில் எதுவும் சீக்கிரம் காயாது. அது முந்தின நாள் காலையில் வேலைக்கு ஆள் எண்ணும் பெரட்டுக்குப் போகுமுன் தீட்டிய சேறாகவும் இருக்கலாம். அப்படியானால் அதை அவசரமாகக் கழுவுவானேன்?

அவனுக்கு வக்கீலாக வழக்கை எடுத்த யாழ்ப்பாணத்துப் புரொக்டரிடம், எங்கே தீட்டினான் என்பதில் அப்படி என்ன இருக்கிறது என்று விசாரித்தேன்.

"கோபம் வந்த நேரம் கத்தி கையிலை இருந்ததோ, இல்லாட்டி வீட்டை போய் எடுத்துக்கொண்டு வந்தவனோ? முதலாவதெண்டா மறியல், சிறையோடை போகும். ரெண்டாவதெண்டா தூக்கு. போய் வாற நேரத்திலை மனம் ஆறியிருக்க வேணும் எண்டு சட்டம் சொல்லுது." பிறகு என்னை உற்றுப் பார்த்தார். "ஏன் தம்பி, நீர் ஏதும் கண்டனீரோ?"

ஒரு கல்லைக் கண்டேன் என்றேன். அவர் மேற்கொண்டு கேட்கவில்லை.

கண்டியில் விசாரணை நடந்தது. ஜூரிகள் எல்லோரும் பட்டணத்துக்காரர்கள். அரசாங்க வழக்கறிஞர் கத்தியின் நீளத்தைக் கேட்டார், காயத்தின் ஆழத்தைக் கேட்டார். கடைசியாக, பீலியடியில் ஏன் தீட்டவேண்டும் என்றும் கேட்டார்.

"தீட்டுறதுக்குத் தண்ணி வேணும்ல, ஐயா" என்றாள் தங்கை.

மொழிபெயர்ப்பாளர் அதைச் சொன்னதும் ஜூரிகளில் இருவர் தலையாட்டினார்கள். மாலையில் எந்த லயத்துப் பீலியடியில் ஓர் ஆண் கத்தியோடு உட்கார முடியும் என்று கேட்க அங்கே எவருக்கும் தோன்றவில்லை. அவள் கூண்டிலிருந்து இறங்கும்போது அண்ணனைப் பார்க்கவில்லை. நான் இருந்த பக்கம் பார்த்தாள்.

கொலையல்ல, கடுஞ்சினத்தில் திடீரென நேர்ந்த மனிதக்கொலை என்று ஜூரிகள் தீர்மானித்தார்கள். பத்து வருடக் கடூழியச் சிறை.

அடுத்த வாரம் அவள் பிள்ளைகளோடு அந்த வாசற்படியுள்ள அண்ணனின் காம்பராவுக்குக் குடிபோனாள்.